மச்சானின் முறையில் நைனா போட்ட வலை

இந்த நினைவு மலரைக் கையில் வாங்கும் உறவினர்களுக்கும், நைனாவின் முகம் அச்சடித்த பனியனைப் போட்டுக்கொண்டு சென்னையிலிருந்து வந்திருக்கும் தம்பி தங்கைகளுக்கும் எங்கள் குடும்பத்தின் வணக்கம். இன்று நீங்கள் இரு தரப்பாரும் ஒரே பந்தியில் உட்காரப் போகிறீர்கள். ஒரு தரப்புக்கு நைனா ஏரியில் வலை போட்டு எங்களைக் காப்பாற்றியவர். இன்னொரு தரப்புக்கு அவர் பெரிய நடிகர். பக்கத்தில் உட்கார்ந்து பேச ஆரம்பித்தால் ஒருவர் சொல்வதை இன்னொருவர் நம்ப மாட்டீர்கள். அதனால் இரண்டையும் சேர்த்து எழுதுகிற வேலை மூத்த மகளான எனக்கு வந்தது. என் தம்பி எழுதியிருந்தால் இதைவிட நன்றாக வந்திருக்கும். ஆனால் நைனாவோடு அதிகமாகச் சண்டை போட்டவள் நான்தான் என்பதால், "நீயே எழுது, உனக்குத்தான் எல்லாம் ஞாபகம் இருக்கும்" என்று அம்மா சொல்லிவிட்டார்.

பழவேற்காடு ஏரியில், பசியாவரத்தையும் தாண்டிப் படகில் போனால் வரும் எங்கள் குப்பத்தில், ஐந்து பிள்ளைகளில் நான்காவதாக நைனா பிறந்தார். பிறந்த தேதி யாருக்கும் தெரியாது. ரேஷன் கார்டில் ஒரு வயது, ஆதாரில் ஒரு வயது. எறா, அதாவது இறால், நன்றாக ஏறுகிற மாசத்தில் பிறந்ததாக அவருடைய அம்மா சொன்னாராம், அது போதும் என்பார். ஐந்தாம் வகுப்புவரை படித்தார். பிறகு அவருடைய அப்பாவோடு ஏரிக்குப் போனார். இருபத்திரண்டு வயதில் பக்கத்து வீட்டிலேயே பெண் பார்த்துக் கட்டினார்கள். அந்தப் பெண்தான் எங்கள் அம்மா. அம்மாவின் அண்ணன் தேசப்பன் மாமாவும் நைனாவும் அதற்கு முன்பிருந்தே கூட்டாளிகள். ஒரே படகு, ஒரே பீடிக்கட்டு. கல்யாணத்தில் அம்மாவைவிட மாமாதான் அதிகமாகச் சிரித்துக்கொண்டு இருந்ததாக ஊரில் இன்னும் சொல்வார்கள்.

நைனாவுக்குப் பொய் சொல்ல வராது. இதை நல்ல குணம் என்று எழுதத்தான் வேண்டும், ஆனால் கூட இருந்தவர்களுக்கு அது பெரிய பேஜார். அம்மா ஆசையாக வைத்த குழம்பில் உப்பு கூடிவிட்டால், விருந்தாளி முன்னாலேயே "உப்பு ஜாஸ்தி" என்பார். என்னைப் பெண் பார்க்க வந்தவர்களிடம், "இதுக்குக் கோவம் வரும், பாத்துக்குங்க" என்று சொன்னவர் அவர்.

சென்னையிலிருந்து வந்திருக்கும் பிள்ளைகளுக்கு ஒன்றைச் சொல்லிவிட்டால்தான் மேற்கொண்டு எழுத முடியும். ஏரியில் யார் வேண்டுமானாலும் எங்கே வேண்டுமானாலும் வலை போட முடியாது. முகத்துவாரத்துப் பக்கம் நீரோட்டம் நன்றாக இருக்கிற இடங்கள் கொஞ்சம்தான். அந்த இடங்களில் இன்ன நாள் இன்னார் என்று சீட்டுப் போட்டு முறை வைத்திருக்கிறோம். அதற்குப் பாடு என்று பெயர். ஒருவனுடைய பாடு வந்தால் அன்று அந்த இடம் அவனுடையது. அடுத்த பாடு வர வாரக்கணக்கில் காத்திருக்க வேண்டும். இதற்கு வேலி கிடையாது, காவல் கிடையாது. அடுத்தவன் பாடு அன்று அந்த இடத்தில் வலையை நனைக்கக் கூடாது. எங்கள் ஊரில் குடித்துவிட்டுப் புரண்டவர்கள் உண்டு, பெண்டாட்டியை அடித்தவர்கள் உண்டு. அவர்களெல்லாம் மறுநாள் தலை நிமிர்ந்துதான் நடந்தார்கள். பாடு மாறி வலை போட்டவன் அப்படி நடக்க முடியாது.

நான் பத்தாம் வகுப்பு படித்த வருஷம், சென்னையிலிருந்து ஏழெட்டுப் பேர் ஒரு கேமராவோடு வந்தார்கள். பாதிப் பேருக்குப் பின்னல் போடுகிற அளவுக்கு முடி. படம் எடுக்க வந்திருப்பதாகச் சொன்னார்கள். அவர்களுக்குப் படகு ஓட்டத்தான் நைனா போனார். கதாநாயகனாக அழைத்து வந்த பையனுக்குப் படகு கொஞ்சம் ஆடினாலே வாந்தி. மூன்றாம் நாள் அவன் பஸ் ஏறிவிட்டான். டைரக்டர், நைனா அவரைக் கடைசிவரை 'டைரக்டர் தம்பி' என்றுதான் கூப்பிட்டார், கேமராவைத் திருப்பி நைனாவிடம் கேட்டிருக்கிறார்.

"அண்ணே, நீங்களே நடிக்கிறீங்களா?"

"எனக்கு அதெல்லாம் வராதுப்பா."

"வராததுதான் எங்களுக்கு வேணும்."

அந்தப் படத்தின் பெயரை இங்கே எழுத முடியவில்லை. அது ஒரு வசைச் சொல். நினைவு மலரில் அச்சடிக்கக் கூடாது என்று அம்மா கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். பார்த்தவர்களுக்குத் தெரியும், பார்க்காதவர்கள் பக்கத்தில் பனியன் போட்டிருப்பவரைக் கேட்டுக்கொள்ளவும். கதை சின்னதுதான். யார் சொல்வதையும் கேட்காத ஒரு மனிதன். அதிகாரி சொன்னாலும் கேட்க மாட்டான், சாமி சொன்னாலும் கேட்க மாட்டான், ஊர் சொன்னாலும் கேட்க மாட்டான். படம் முழுக்க அவன் 'முடியாது' என்பதைத் தவிர அதிகமாக ஒன்றும் பேசுவதில்லை. கோயில் விசேஷத்துக்கு நாலு நாள் முன்னாலேயே சட்டையைத் துவைத்து வைக்கிற நைனாவுக்கு இப்படி ஒரு வேஷம்.

நடிக்கச் சொல்லிக் கொடுத்துப் பார்த்திருக்கிறார்கள். ஒரு காட்சியில் அழ வேண்டும். சோகமான எதையாவது நினைத்துக்கொள்ளச் சொன்னார்களாம். "இப்பதான் சோறு துன்னேன், வயிறு நெறஞ்சு கீது. எப்டி அழுவை வரும்?" என்று கேட்டிருக்கிறார். அந்தக் காட்சியைப் பசியோடு இருக்கும்போது எடுத்தார்கள். அப்போதும் அழவில்லை, சும்மா ஏரியைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். படத்தில் அதுதான் இருக்கிறது. செய்ததையே மறுபடி செய்யச் சொன்னாலும் ஒப்புக்கொள்ள மாட்டார். ஒரு தடவை துடுப்பைத் தூக்கிப் போட்டாயிற்று, மறுபடி ஏன் போட வேண்டும் என்பது அவர் கேள்வி.

இனி எழுதப் போவது உறவினர்கள் எல்லோருக்கும் தெரிந்தது. ஆனாலும் எங்கள் வாயால் ஒரு தடவை முழுசாகச் சொல்லிவிட வேண்டும்.

படத்தில் அந்த மனிதன் முறை பார்க்காமல் அடுத்தவன் பாட்டில் வலை போடுவதாக ஒரு காட்சி. வேறு எங்காவது, பேர் இல்லாத ஒரு தண்ணீரில் எடுப்பதாகத்தான் பேச்சு. அன்று காலையில் வெயில் ஒரு பக்கமாக விழுந்து முகத்துவாரத்துப் பக்கம் தண்ணீர் தகதகவென்று இருந்தது. கேமராக்காரர் அந்த இடம்தான் வேண்டும் என்று பிடிவாதம் பிடித்தார். அன்று அந்த இடம் தேசப்பன் மாமாவின் பாடு. மாமா பையனுக்குக் காய்ச்சல் என்று மருந்து வாங்கப் பழவேற்காட்டுக்குப் போயிருந்தார், வர நேரமாகும். வலையைச் சும்மா நனைத்து எடுத்துவிடலாம், ஒரு நிமிஷ வேலை என்று அவர்கள் சொன்னார்கள். மச்சான்தானே, வந்ததும் சொல்லிக்கொள்ளலாம் என்று நைனா நினைத்தார். அமாவாசை கழிந்த மூன்றாம் நாள். நீர் எப்படி ஓடும், எறா எப்படி வரும் என்பது முப்பது வருஷம் ஏரியில் இருந்தவருக்குத் தெரியாததில்லை. இருந்தும் போட்டார். அந்தப் பருவத்திலேயே யாருக்கும் விழாத அளவுக்கு விழுந்தது.

நைனா அதைக் கூடையில் வாரிக்கொண்டு நேராக மாமா வீட்டுக்குப் போனார். நானும் கூடப் போனேன். மாமா வாசலில் நின்றுகொண்டு கூடையைக்கூடப் பார்க்கவில்லை.

"தூக்கினு போ."

"மச்சான், இது உன்துதான். படத்துக்குன்னு போட்டேன், தப்பா பூட்ச்சு."

"எறாவுக்காகவா நான் பேசறேன்? ஒருத்தன் ஒரு தபா பாடு மாறிப் போட்டா, நாலு வருஷத்துல மறந்துடலாம். நீ படத்துல போட்டுக்கீற. அது ஓடுற அன்னிக்கெல்லாம் என் பாட்டுல வலையைப் போடுவ. என் பேரப் புள்ளைங்க பொறந்து வந்து பாத்தாலும் போட்டுனு இருப்ப."

அப்போது அது எனக்கு வீம்பாகத்தான் தெரிந்தது. நைனாவுக்கு அப்படித் தெரியவில்லை. கூடையை இறக்கி வைத்துவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டு வந்தார்.

பஞ்சாயத்தில் நைனாவைத் தப்பிக்க வைக்கத்தான் பார்த்தார்கள். "அது நடிப்புதானேப்பா. நடிப்புக்குப் போட்டேன்னு ஒரு வார்த்தை சொல்லு, முடிச்சிக்கலாம்" என்று தலைவர் கேட்டார். முந்தைய நாள் வீட்டில் நானும் அதையேதான் சொல்லியிருந்தேன். பரீட்சை நேரம், பள்ளிக்கூடத்தில் எல்லாரும் கேட்பார்கள், நடிப்பு என்று சொல்லித் தொலையுங்கள் என்று கத்தினேன். நைனா எழுந்து நின்று, "நடிப்புன்னு எறாவுக்குத் தெரியுமா தலைவரே? வலை நனைஞ்சது, எறா செத்துது. போட்டது நான்தான்" என்றார். ஒரு வருஷத்துக்கு நைனாவுக்குப் பாடு கிடையாது என்று தீர்ப்பானது.

அந்த ஒரு வருஷமும் நைனா மீஞ்சூரில் ஒரு கம்பெனியில் மூட்டை ஏற்றினார். இருட்டோடு படகு, பிறகு பஸ். வெறுங்காலோடு போய் வாசலில் திருப்பி அனுப்பப்பட்டு, அதன் பிறகு செருப்பு வாங்கினார். அம்மா கருவாட்டுக் கூடையோடு சந்தைக்குப் போனார். வருஷம் முடிந்ததும் ஊர் அவர் பெயரை மறுபடி சீட்டில் சேர்த்தது. ஊர் மன்னித்துவிட்டது. மாமா மன்னிக்கவில்லை.

இதில் ஒரு விஷயம் சொல்ல வேண்டும். மாமா எங்களை ஒருநாளும் ஒதுக்கவில்லை. தங்கை வீட்டுக்கு வந்துகொண்டுதான் இருந்தார். நைனா எதிரே உட்கார்ந்திருப்பார், மாமா அம்மாவிடம், "காத்து மாறுது, உன் வூட்டுக்காரர்கிட்ட சொல்லு, இன்னிக்குப் போவ வேணாம்" என்பார். நைனா அம்மாவிடம், "சரின்னு சொல்லு" என்பார். அம்மா இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு அடுப்படிக்குப் போய்விடுவார். என் கல்யாணத்துக்குத் தாய்மாமன் சீர் ஒன்றுகூடக் குறையாமல் வந்தது. மாலை போட்டு என்னை மணையில் உட்கார வைத்தவர் மாமா. போட்டோவில் நைனாவுக்கும் அவருக்கும் நடுவே மூன்று பேரை நிற்க வைத்தார்.

படம் தியேட்டருக்கு வரவில்லை. அந்தப் பெயரோடு வராது என்று சென்சாரில் சொல்லிவிட்டார்களாம். ஆனால் கல்லூரிகளிலும், மொட்டை மாடிகளிலும், சின்னச் சின்னக் கூடங்களிலும் அது ஓடியது. பென் டிரைவில் கைமாறியது. ஐந்தாறு வருஷம் கழித்து, முன்பின் தெரியாத பிள்ளைகள் படகு பிடித்து எங்கள் குப்பத்துக்கு வர ஆரம்பித்தார்கள். நைனாவின் காலைத் தொட்டார்கள். ஒரு தம்பி, "அண்ணா, உங்க நடிப்பு எந்த மெத்தட்?" என்று கேட்டார். "வலை போடுற மெத்தட்டுதான்" என்றார் நைனா. அதையும் அவர்கள் எழுதிக்கொண்டார்கள். பிறகு இரண்டு படங்களில் நடித்தார். ஒன்றில் பிணம். கேமரா ஓடும்போது குறட்டை விட்டுவிட்டார். இன்னொன்றில் தாசில்தார். அதில் ஷூ போட்டு நடக்கிற காட்சியை நீங்கள் பார்க்காமல் இருப்பது நல்லது. தன்னிடம் இல்லாத ஒன்றை நைனாவால் காட்ட முடியாது.

சென்னையில் ஒரு கல்லூரிக் கூடத்தில் படம் போட்டு நைனாவை அழைத்திருந்தார்கள். நானும் போனேன். படம் முடிந்ததும் எல்லாரும் எழுந்து நின்று கைதட்டினார்கள், நிறுத்தவே இல்லை. மைக்கைக் கையில் கொடுத்தார்கள். நைனா கும்பிட்டுவிட்டுச் சொன்னார்: "இந்தப் படத்துல நான் வலை போட்ட எடம், அன்னிக்கு என் பாடு இல்ல. என் மச்சான் தேசப்பன் பாடு. அவனாண்ட கேக்காம போட்டது தப்பு. நீங்க பாத்ததால உங்களாண்டயும் சொல்லிக்கிறேன். என்னை மன்னிக்கணும்."

கூட்டம் சிரித்தது. பிறகு விசிலடித்தது. அதுவும் படத்தின் கதையில் சேர்ந்தது என்று நினைத்துக்கொண்டார்கள். எனக்கு அவமானமாக இருந்தது. திரும்பி வரும்போது பஸ்ஸில் நைனாவைத் திட்டினேன், இனிமேல் எங்கேயும் வர மாட்டேன் என்றேன். அவர் சொன்னார்: "ஒவ்வொரு தபா ஓடும்போதும் நான் போடறேன்னு அவன் சொன்னான் இல்ல? நெசம்தானே. அப்ப ஒவ்வொரு தபாவும் நான் கேக்கணும்."

பிறகு எங்கே கூப்பிட்டாலும் இதையே சொன்னார். போகப் போகக் கூட்டமும் சேர்ந்து சொல்ல ஆரம்பித்தது. 'என் மச்சான் தேசப்பன் பாடு' என்று சென்னைப் பிள்ளைகளின் பனியனில் எழுதியிருக்கிறது, இன்றும் பார்க்கலாம். தம்பிகள் தவறாக எடுத்துக்கொள்ள வேண்டாம், உங்கள் மேல் எனக்கு அப்போது அவ்வளவு கோபம் இருந்தது. ஒரு மனிதர் மன்னிப்புக் கேட்டுக்கொண்டிருந்தார், நீங்கள் கைதட்டிக்கொண்டிருந்தீர்கள்.

யாரோ போனில் அதைப் படம் பிடித்து மாமாவிடம் காட்டினார்கள். மாமா முழுவதும் பார்த்துவிட்டு, "மெட்ராஸ்ல சொல்றான். நான் குந்தினு இருக்கறது இங்க" என்றாராம். அதைக் கேட்டு நைனா அன்று சாயங்காலமே மாமா வீட்டு வாசலில் போய் நின்றார். மாமா பின்பக்கமாக எழுந்து படகுக்குப் போய்விட்டார். நைனா மறுநாளும் நின்றார். மூன்றாம் நாள் அத்தை வந்து, "வுடுங்கண்ணா, அவரு மனசு இன்னும் எறங்கல" என்று சொல்லி அனுப்பி வைத்தார்.

போன வருஷம் நைனாவின் நுரையீரல் கெட்டுப்போனது தெரிந்தபோது காலம் கடந்துவிட்டது. சென்னையில் ஆஸ்பத்திரியில் பதினெட்டு நாள் இருந்தார். தினமும் ஒரு தடவை அம்மாவிடம், "உங்க அண்ணன் வந்தானா?" என்று கேட்பார். மாமா வந்தார். இரண்டு பஸ் மாறி நான்கு தடவை வந்தார். வார்டு வாசல்வரை வந்து, குழம்புத் தூக்கை அம்மாவிடம் கொடுத்துவிட்டு வராந்தாவிலேயே நின்றார். நைனா ஒரு வாய் சாப்பிட்டதும், "இது அவன் வூட்டுக் கொழம்பு" என்றார். சாப்பாடே இறங்காத அந்த நாட்களில் அதை மட்டும் இரண்டு கரண்டி கேட்டு வாங்கிச் சாப்பிட்டார். உள்ளே வரச் சொல்லி நான் மாமாவின் கையைப் பிடித்து இழுத்தேன். அவர் கையை விடுவித்துக்கொண்டார். அவர் அழுதுகொண்டிருந்தார். இருந்தும் வரவில்லை. இரண்டு பேரையும் பிடித்து உலுக்க வேண்டும் போல எனக்கு இருந்தது.

மன்னித்தேன் என்கிற அந்த ஒரு வார்த்தையைக் கேட்காமலே நைனா போய்விட்டார். பிறந்த வீட்டுக் கோடிப் புடவையை மாமா எடுத்து வந்து அம்மாவுக்குப் போர்த்தினார். நைனாவின் தலைமாட்டில் கொஞ்ச நேரம் நின்றார்.

நன்றி சொல்ல வேண்டியவர்கள் நிறையப் பேர். ஆஸ்பத்திரியில் பதினெட்டு நாளும் அம்மாவுக்குப் பாய் போட இடம் கொடுத்த பக்கத்துக் கட்டில் ஆரம்பாக்கத்து அம்மாவுக்கு நன்றி. உடலைக் கொண்டுவரப் படகை அலங்கரித்த குப்பத்து இளைஞர்களுக்கு நன்றி. காரியம் முடியும்வரை யாரும் ஏரியில் இறங்காமல் இருந்த ஊராருக்கு நன்றி. சேற்றில் இறங்கித் தோள் கொடுத்த சென்னைப் பிள்ளைகளுக்கு நன்றி. அன்று உங்களில் ஒருவர் விசிலடித்தபோது நான் முறைத்தேன், அம்மா, "வுடு, அவருக்குப் புடிக்கும்" என்றார். என் கோபம் அன்றோடு போய்விட்டது.

கடைசி நன்றி தேசப்பன் மாமாவுக்கு. அதைச் சொல்ல, போன மாதம் நடந்ததை எழுத வேண்டும்.

இந்த மலருக்குப் போட்டோ கேட்டு டைரக்டர் தம்பிக்குச் சொல்லியிருந்தோம். அவர் போட்டோக்களோடு படத்தையும் கொண்டுவந்து, ஊரில் ஒரு தடவை போடலாமா என்று கேட்டார். எங்கள் குப்பத்தில் அந்தப் படத்தை அதுவரை யாரும் போட்டதில்லை. அந்த இடத்தை மட்டும் வெட்டிவிட்டுப் போடச் சொன்னார் அம்மா. டைரக்டர் தம்பியும் சம்மதித்தார். மாமாவை அழைக்க நான் போனேன்.

"மாமா, அந்த எடத்தை எடுத்துட்டுத்தான் போடறாங்க. நீங்க வரணும்."

மாமா வலையிலிருந்து கண்ணை எடுக்காமல், "ஒண்ணும் வெட்ட வேணாம். போட்டது போட்டதுதான்" என்றார்.

இதை எப்படி எடுத்துக்கொள்வது என்று எனக்குத் தெரியவில்லை. வந்து ஊர் நடுவே எழுந்து சண்டை போடுவாரோ என்று பயந்தேன். அம்மாவிடம் சொல்லவில்லை. வெட்ட வேண்டாம் என்று டைரக்டர் தம்பியிடம் மட்டும் சொன்னேன்.

புயல் பாதுகாப்புக் கட்டடத்தில் ஜன்னல்களைத் தார்ப்பாய் போட்டு மூடி, மத்தியானம் மூன்று மணிக்குப் படத்தைப் போட்டார்கள். மாமா வந்தார். முன்வரிசையில் அம்மாவுக்குப் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்தார். அந்தக் காட்சி வந்தபோது ஊரே திரையை விட்டுவிட்டு மாமாவைப் பார்த்தது. அம்மா என்னைத் திரும்பிப் பார்த்த பார்வையை நான் மறக்க மாட்டேன்.

திரையில் நைனா படகில் நிற்கிறார். கையில் வலை. போடவில்லை. தலையைத் திருப்பிக் கரைப்பக்கம் பார்க்கிறார், நெடுநேரம் அப்படியே நிற்கிறார். அதை மிகச் சிறந்த நடிப்பு என்று பத்திரிகைகளில் எழுதினார்கள். எங்கள் ஊரில் உட்கார்ந்து பார்த்தபோது யாரும் யாருக்கும் விளக்க வேண்டியிருக்கவில்லை. மச்சானின் படகு வருகிறதா என்று அவர் பார்க்கிறார்.

மாமா நாற்காலியிலிருந்து எழுந்தார். திரையைப் பார்த்து, ஏரியில் ஒரு படகிலிருந்து இன்னொரு படகுக்குச் சொல்கிற குரலில் சொன்னார்:

"போடு மச்சான். இன்னிக்கு உன் பாடுதான்."

நைனா வலையைப் போட்டார்.

குடும்பத்தார் சார்பில்,
மூத்த மகள் கஸ்தூரி